ஏற்றம் காலையில், இறக்கம் மாலையில்: கிளேர் பள்ளத்தாக்கில் ஆற அமர ஒரு சைக்கிள் பயணம்

சிங்கப்பூரின் யிஷூனில் வசிக்கும் ஒரு சகோதரி கேட்டிருந்தார்: "எனக்கு 52 வயது, கணவருக்கு 55. வார இறுதியில் ஈஸ்ட் கோஸ்ட் பார்க்கில் சைக்கிள் ஓட்டுவோம். அதற்கு மேல் பழக்கமில்லை. எனக்குச் சில வருடங்களாக ஒயின் மீது ஈடுபாடு வந்திருக்கிறது. கணவர் மதுவைத் தொடமாட்டார், நான் சைவம். வழிகாட்டியோ சுற்றுலாக் குழுவோ இல்லாமல், எங்கள் இஷ்டப்படி நின்று நின்று, ஓர் ஒயின் வட்டாரத்தைச் சைக்கிளில் பார்க்க முடியுமா? எங்கே போகலாம்? எத்தனை நாள் வேண்டும்?"

தாராளமாக முடியும். தென் ஆஸ்திரேலியாவின் கிளேர் பள்ளத்தாக்குக்குப் போங்கள். மூன்று இரவு தங்குங்கள். நான் நான்கு முறை போயிருக்கிறேன், அதில் ஒரு முறை தவறாகப் போனேன். அந்தத் தவறிலிருந்து கற்றதுதான் இந்தப் பதிலில் பாதி.

ஐரோப்பா மனதில் இருந்தால் அதையும் சொல்லிவிடுகிறேன். பிரான்ஸின் பர்கண்டியில் போன் (Beaune) என்ற ஊரிலிருந்து சாந்தனே (Santenay) வரை திராட்சைத் தோட்டங்களின் நடுவே ஒரு சைக்கிள் பாதை போகிறது. ஆஸ்திரியாவில் டான்யூப் ஆற்றோரமாக மெல்க்குக்கும் கிரெம்ஸுக்கும் இடையே உள்ள வாகாவ் பகுதியும் அற்புதம். ஆனால் அங்கெல்லாம் வண்டிகள் வலப்பக்கம் ஓடும். நம் கண்ணும் கையும் இடப்பக்கத்துக்குப் பழகியவை. முதல் பயணத்திலேயே நீண்ட விமானப் பயணம், புது மொழி, புது ஒயின், எதிர்ப்பக்கச் சாலை என்று எல்லாவற்றையும் ஒன்றாக ஏற்றிக்கொள்ள வேண்டாம். அடிலெய்டுக்குச் சிங்கப்பூரிலிருந்து நேரடி விமானம், ஏறக்குறைய ஏழு மணி நேரம். அங்கிருந்து வடக்கே காரில் இரண்டு மணி நேரத்துக்குள் கிளேர் வந்துவிடும். சாலை நம்மைப் போல இடப்பக்கம்தான்.

இதைவிடப் பெரிய காரணம் பாதை. ரீஸ்லிங் டிரெயில் என்று பெயர். தெற்கே ஆபர்ன் என்ற சிற்றூரில் தொடங்கி லீசிங்ஹாம், வாட்டர்வேல், பென்வொர்த்தம், செவன்ஹில் ஊர்களைத் தொட்டுக்கொண்டு கிளேர் நகரத்துக்கு வந்து, இன்னும் கொஞ்சம் வடக்கே போய் முடிகிறது. மொத்தம் சுமார் 33 கிலோமீட்டர். அது பழைய ரயில் பாதை. 1983 பிப்ரவரியில் தென்கிழக்கு ஆஸ்திரேலியாவை எரித்த 'ஆஷ் வெட்னஸ்டே' காட்டுத்தீயில் அந்தத் தண்டவாளமும் சேதமானது. ரயில் திரும்ப வரவில்லை. தொண்ணூறுகளில் ஊர்க்காரர்களின் முயற்சியில் அது நடைபாதையாகவும் சைக்கிள் பாதையாகவும் மாறியது.

நமக்கு இது புதிதல்ல. தஞ்சோங் பகாரிலிருந்து உட்லண்ட்ஸ் வரை ஓடிய மலாயா ரயில் 2011 ஜூன் 30ஆம் தேதியோடு நின்று, அந்த 24 கிலோமீட்டர் ரயில் பாதைதான் இன்று நாம் நடக்கும் ரயில் காரிடார். புக்கிட் தீமாவின் இரும்புப் பாலத்தடியில் சைக்கிளை நிறுத்தித் தண்ணீர் குடித்திருந்தால், ரீஸ்லிங் டிரெயிலின் சுபாவம் உங்களுக்குப் பாதி தெரிந்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்கள். ரயிலால் செங்குத்தாக ஏற முடியாது. அதனால் மலையை வெட்டியும் பள்ளத்தை நிரப்பியும் ஏற்றத்தை நீட்டி மெதுவாக்கியிருப்பார்கள். அன்று இன்ஜினுக்குச் செய்த அந்த உபகாரம் இன்று ஐம்பது வயது முழங்காலுக்கு உதவுகிறது. கார்கள் குறுக்கிடும் இடங்கள் சில உண்டு. மற்றபடி பாதையில் நீங்களும் காற்றும்தான்.

ஆனாலும் ஏற்றம் ஏற்றமே. இதைத்தான் பலரும் கவனிப்பதில்லை. பாதையின் தெற்கு முனையான ஆபர்ன் தாழ்வில் இருக்கிறது. நடுவில் பென்வொர்த்தம், செவன்ஹில் பக்கம்தான் மேடு. அங்கிருந்து வடக்கே கிளேருக்கு மறுபடி இறக்கம். ஓட்டும்போது கண்ணுக்கு எதுவும் தெரியாது. "என்ன, இன்று கால் இவ்வளவு கனக்கிறது?" என்று மட்டும் தோன்றும். ஈஸ்ட் கோஸ்ட் முழுக்கச் சமதளம், அதனால் இந்த மெல்லிய, முடிவில்லாத ஏற்றம் நம் காலுக்குப் பழக்கமில்லை.

இதை நமக்குச் சாதகமாக்கிக்கொள்ள ஒரு வழி இருக்கிறது. என் யோசனை முழுவதும் இந்த ஒன்றில்தான் அடங்கியிருக்கிறது: ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு ஒரே நாளில் ஓட்டாதீர்கள். இரண்டு நாளாகப் பிரித்து, இரண்டு நாளும் தாழ்விலிருந்து மேட்டுக்குப் போய்விட்டு, அதே வழியில் திரும்பி வாருங்கள். ஏற்றம் காலையில், உடம்பில் துளி மதுவும் இல்லாதபோது. சுவைத்த பிறகு வருவது இறக்கம். களைப்பும் குறையும், ஆபத்தும் குறையும்.

கிளேரில் தங்கினால் முதல் நாள் இப்படி இருக்கட்டும். காலை ஒன்பது மணிக்குக் கிளம்பி, தெற்கே செவன்ஹில் வரை ஏழு கிலோமீட்டர் அளவு ஏறுங்கள். வழியில் எந்த ஒயின் சுவைக்கூடத்திலும் நிற்காதீர்கள். செவன்ஹில்லில் பாதையைவிட்டுக் கொஞ்சம் விலகினால், 1851இல் இயேசு சபைத் துறவிகள் நிறுவிய செவன்ஹில் செல்லர்ஸ் வரும். பள்ளத்தாக்கின் மிகப் பழைய ஒயின் நிலையம் அதுதான். கத்தோலிக்க வழிபாடான திருப்பலிக்கு வேண்டிய ஒயினுக்காகத் திராட்சை நட்டார்கள். இன்றும் அங்கே திருப்பலி ஒயின் தயாராகிறது. பக்கத்தில் கல்லால் கட்டிய புனித அலோசியஸ் ஆலயம், அதன் அடியில் துறவிகளை அடக்கம் செய்த நிலவறை. உங்கள் கணவர் ஒயினைத் தொடாவிட்டாலும் இந்த இடத்தை மறக்கமாட்டார். செவன்ஹில் என்பது ரோமின் ஏழு குன்றுகளை நினைத்து வைத்த பெயர். மதியம் அங்கேயே பக்கத்தில் சாப்பிட்டு, ஒரு மணி நேரம் உட்கார்ந்துவிட்டு, இறங்கும் வழியில் இன்னும் ஒரே ஓர் இடம். நான்கு மணிக்குள் அறை.

இரண்டாம் நாள் சைக்கிளைக் காரில் ஏற்றிக்கொண்டு ஆபர்ன் போங்கள், அல்லது அங்கேயே வாடகைக்கு எடுங்கள். ஆபர்னிலும் கிளேரிலும் வாடகைச் சைக்கிள் கிடைக்கும், மின்சைக்கிளும் உண்டு. முன்பதிவு அவசியம். ஆபர்னிலிருந்து வாட்டர்வேல் பத்து கிலோமீட்டருக்குள். தெம்பிருந்தால் பென்வொர்த்தம் வரை போகலாம். அங்கே ஜான் ஹாராக்ஸ் என்ற இளம் ஆய்வுப் பயணியின் கல்லறை இருக்கிறது. 1846இல் அவர் வடக்கே போனபோது கூட்டிச்சென்ற ஒட்டகம் அசைந்ததில் துப்பாக்கி வெடித்துக் காயப்பட்டு இறந்தார். அவர் பெயரைத் தாங்கிய மவுண்ட் ஹாராக்ஸ் ஒயின்களின் சுவைக்கூடம் இருப்பது ஆபர்னின் பழைய ரயில் நிலையக் கட்டடத்தில். எல்லா நாளும் திறந்திருக்காது, கேட்டுவிட்டுப் போங்கள். திறந்திருந்தால் அதைத் திரும்பி வந்த பிறகு, சைக்கிளை ஒப்படைத்துவிட்டுக் கடைசியாக வைத்துக்கொள்ளுங்கள்.

சுவைக்கூடம் என்று நான் சொல்வது அங்கே 'செல்லர் டோர்' எனப்படும் இடம். ஒயின் செய்யும் இடத்திலேயே ஊற்றிக் கொடுப்பார்கள், பிடித்ததை வாங்கலாம். பல இடங்களில் சிறு கட்டணம் உண்டு. புட்டி வாங்கினால் பெரும்பாலும் கழித்துக்கொள்வார்கள். செவ்வாய், புதனில் மூடும் இடங்கள் உண்டு. வியாழன் போய் ஞாயிறு திரும்புவது வசதி.

இப்போது நான் செய்த தவறு. முதல் முறை நண்பர்கள் மூவருடன் போனேன். முழுப் பாதையும் ஒரே நாளில், ஐந்து சுவைக்கூடங்கள் என்று திட்டம். வெயிலும் இருந்தது. பிற்பகல் மூன்று மணிக்கு, நான்காவது இடத்திலிருந்து கிளம்பிய பத்தாவது நிமிடத்தில், நண்பர் ஒருவர் சரளைக்கல்லில் முன் பிரேக்கைப் பிடித்து விழுந்தார். மணிக்கட்டு எலும்பு முறிந்தது. அவர் தள்ளாடவில்லை, உளறவும் இல்லை. எங்கள் யாருக்கும் போதை இருப்பதாகவே தோன்றவில்லை. அதுதான் விஷயம். "துளித்துளியாகத்தானே குடிக்கிறோம்" என்ற எண்ணம் நம்மை ஏமாற்றிவிடும்.

கணக்கைப் பாருங்கள். ஒரு சுவைக்கூடத்தில் ஆறு வகை, ஒவ்வொன்றும் 25 மில்லி என்றால் 150 மில்லி. 12 விழுக்காடு மது கொண்ட ஒயினில் அது சுமார் 14 கிராம் ஆல்கஹால். ஆஸ்திரேலியாவில் ஒரு 'அளவு மது' என்பது 10 கிராம். உடம்பு அதைக் கரைக்கக் கிட்டத்தட்ட ஒரு மணி நேரம் எடுத்துக்கொள்ளும். ஆக, ஓரிடத்தில் முழுதாக விழுங்கினாலே ஒன்றரை மணி நேர வேலையை ஈரலுக்குக் கொடுத்துவிடுகிறீர்கள். நான்கு இடம் என்றால்? அதனால் ஒரு நாளைக்கு இரண்டு இடம், மிஞ்சிப்போனால் மூன்று. கவுன்டரில் துப்புவதற்கென்றே ஒரு பாத்திரம் இருக்கும். தயங்காமல் பயன்படுத்துங்கள். ஒயின் செய்பவர்களே வேலை நேரத்தில் துப்பித்தான் சுவைப்பார்கள். நாக்குக்கும் மூக்குக்கும் கிடைக்க வேண்டியது கிடைத்துவிடும். நமக்கு எச்சில் துப்புவது அநாகரிகம் என்று சின்ன வயதிலிருந்தே மனதில் பதிந்துவிட்டதால் முதல் முறை கூச்சமாக இருக்கும். அப்புறம் பழகிவிடும். மதுபோதையில் சைக்கிள் ஓட்டுவது அங்கேயும் குற்றம். காருக்கான வரம்பு ரத்தத்தில் 0.05 விழுக்காடு, சிங்கப்பூரின் 0.08ஐவிடக் கண்டிப்பானது. உங்கள் கணவர் குடிக்காதவர் என்பதால் கார் அவர் கையில் இருக்கட்டும்.

சரி, எதைச் சுவைப்பது? பாதையின் பெயரே சொல்கிறது: ரீஸ்லிங். வெள்ளைத் திராட்சை. ரீஸ்லிங் என்றாலே இனிப்பு என்று பலர் நினைக்கிறார்கள். கிளேரின் ரீஸ்லிங் பெரும்பாலும் இனிப்பே இல்லாதது. முகர்ந்தால் எலுமிச்சை, நாரத்தைத் தோல், சில நேரம் ஈரக்கல். வாயில் வைத்ததும் ஒரு கூர்மையான புளிப்பு, நாக்கின் இரு ஓரத்திலும் எச்சில் ஊறும். வெயில் கொளுத்தும் இந்த ஊரில் எப்படி இவ்வளவு புளிப்பு தங்குகிறது என்றால், பள்ளத்தாக்கு கடல் மட்டத்துக்கு 400 முதல் 500 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. பகல் சுட்டாலும் இரவு குளிர்ந்துவிடும். அந்தக் குளிர்ச்சி பழத்தின் புளிப்பைக் காப்பாற்றுகிறது. காலையில் நீங்கள் ஜாக்கெட்டோடு கிளம்பி, பதினோரு மணிக்கு அதைக் கழற்றிப் பையில் திணிக்கும்போது இந்த விஷயம் உங்கள் தோலுக்கே புரியும். காரில் வருகிறவருக்கு அது தெரியாது.

இன்னொன்று, மண். வாட்டர்வேல் பக்கம் செம்மண், அதன் அடியில் சுண்ணாம்புக்கல். கிழக்கே போலிஷ் ஹில் ரிவர் பக்கம் பலகைக்கல் (ஸ்லேட்) கலந்த மண். வாட்டர்வேல் ரீஸ்லிங் சீக்கிரமே மனம் திறந்து பேசும், பழச்சுவை முன்னால் வரும். போலிஷ் ஹில் ரிவர் ரீஸ்லிங் இறுக்கமானது, இளமையில் கொஞ்சம் முறைப்பாகவே இருக்கும், வருடங்கள் போகப் போக இளகும். இரண்டையும் அடுத்தடுத்து ஊற்றித் தரச் சொல்லுங்கள். இருபது வகை சுவைப்பதைவிட இந்த இரண்டை ஒப்பிடுவதில் அதிகம் கற்றுக்கொள்வீர்கள். பழைய புட்டி ஏதாவது திறந்திருக்கிறதா என்றும் கேளுங்கள். வயதான ரீஸ்லிங்கில் வறுத்த ரொட்டி, தேன், கூடவே மெல்லிய மண்ணெண்ணெய் வாசம் வரும். கெட்டுவிட்டதோ என்று பயப்பட வேண்டாம். அது அந்தத் திராட்சையின் இயல்பு.

புட்டிகளில் கார்க் இருக்காது, திருகு மூடிதான். மலிவு என்று எண்ணிவிடாதீர்கள். கெட்ட கார்க் ஒயினில் ஈர அட்டைப்பெட்டி வாடையை ஏற்றிவிடும், ரீஸ்லிங் போன்ற மென்மையான ஒயினில் அது உடனே தெரியும். அதனால் கிளேர் ஒயின் தயாரிப்பாளர்கள் பலர் ஒன்றுகூடி, 2000ஆம் ஆண்டு அறுவடையின் ரீஸ்லிங்கைத் திருகு மூடியில் அடைத்தார்கள். இன்று ஆஸ்திரேலியாவில் திருகு மூடி சாதாரணமாகிவிட்டதில் அவர்களுக்குப் பெரிய பங்கு உண்டு.

நீங்கள் சைவம் என்பதால் ஒரு தகவல். ஒயினைத் தெளிய வைக்க முட்டை வெள்ளைக்கரு, பால் புரதம், மீனின் காற்றுப்பையிலிருந்து எடுக்கும் பொருள் ஆகியவற்றைப் பயன்படுத்துவது உண்டு. வெள்ளை ஒயினுக்குப் பெண்டோனைட் என்ற களிமண்ணும் பரவலாகப் பயன்படுகிறது. "இது வீகனா?" என்று ஒரு வார்த்தை கேட்டால் போதும், ஊற்றுகிறவருக்குத் தெரிந்திருக்கும். மதிய உணவுக்கு முன்பதிவு செய்யும்போதே சைவம் என்று சொல்லிவிடுங்கள். சிற்றூர்கள் அவை, நினைத்த நேரத்தில் கடை இருக்காது. நான் எப்போதும் பையில் ரொட்டியும் கடலையும் வைத்துக்கொள்வேன்.

உங்கள் கணவரைப் பற்றியும் சொல்ல வேண்டும். குடிக்காத ஒருவர் ஒயின் வட்டாரத்தில் துணைக்கு வந்தவராகிவிடக் கூடாது. மூன்றாம் நாளை அவருக்காக வையுங்கள். காரில் சிறிது தூரத்தில் மின்டாரோ என்ற பழைய ஊர், பலகைக்கல் வெட்டி எடுத்துப் பெயர் வாங்கியது. பக்கத்தில் மார்ட்டிண்டேல் ஹால் என்ற 19ஆம் நூற்றாண்டு மாளிகை. சைக்கிள் பிரியர் என்றால், ஆபர்னுக்குத் தெற்கே ரிவர்ட்டன் வரை போகும் ராட்லர் டிரெயிலில் அவர் காலையில் தனியாக ஒரு சுற்று போய்வரட்டும். அதுவும் அதே பழைய ரயில் பாதையின் தொடர்ச்சி, சுமார் 19 கிலோமீட்டர். சுவைக்கூடத்தில் அவர் முகர்ந்து பார்க்கலாம். மூக்குக்கு மது ஏறாது. என் மனைவியும் குடிப்பதில்லை. ஆனால் கண்ணாடிக் கிண்ணத்தை முகர்ந்து "இது நாரத்தை, இது எலுமிச்சை இல்லை" என்று என்னைவிடச் சரியாகச் சொல்வார்.

எப்போது போவது? நம் பள்ளி விடுமுறைகளில் மார்ச்சும் செப்டம்பரும் பொருந்தும். மார்ச்சில் அறுவடை நடக்கும், காற்றில் நொதிக்கும் வாசனை வரும். செப்டம்பரில் கொடிகள் துளிர்விடும், மலையெல்லாம் பச்சை. ஆனால் அது மேக்பை பறவைகள் கூடு காக்கும் பருவம். சைக்கிள்காரர்களைப் பின்னாலிருந்து பாய்ந்து கொத்த வரும். குளிர்கண்ணாடி போட்டுக்கொள்ளுங்கள். பாய்ந்தால் இறங்கித் தள்ளிக்கொண்டு நடங்கள், விட்டுவிடும். ஜூனில் பகல் சிறியது, ஐந்தரைக்குள் இருட்டிவிடும், குளிரும். ஜனவரி, பிப்ரவரி வேண்டவே வேண்டாம். 40 டிகிரி நாட்கள் வரும், காட்டுத்தீ அபாயமும் உண்டு. எந்த மாதமானாலும் ஆளுக்கு இரண்டு லிட்டர் தண்ணீர். தலைக்கவசம் அங்கே கட்டாயம், வாடகைச் சைக்கிளோடு தருவார்கள்.

போவதற்கு முன் ஆறு வாரம், வாரம் ஒரு முறை ரயில் காரிடாரில் இருபது கிலோமீட்டர் ஓட்டுங்கள். சரளையில் முன் பிரேக்கை மட்டும் அழுத்தக் கூடாது, இரண்டையும் மெதுவாகப் பிடிக்க வேண்டும் என்பதைக் கை கற்றுக்கொள்ளட்டும். சொந்தச் சைக்கிளைக் கொண்டுபோவதானால் டயரில் ஒட்டிய மண்ணைச் சுத்தமாகக் கழுவுங்கள். காலணியையும் அப்படியே. ஆஸ்திரேலிய எல்லைச் சோதனையில் மண், விதை, தாவரம் எல்லாவற்றுக்கும் கண்டிப்பு. தேக்கா சந்தையில் வாங்கிய கருவேப்பிலையை வீட்டிலேயே விட்டுவிடுங்கள், உணவுப் பொருள் எது எடுத்துப்போனாலும் படிவத்தில் எழுதிவிடுங்கள்.

அதே காரணத்தால் இன்னொரு வேண்டுகோள், இதை மிகவும் வற்புறுத்திச் சொல்கிறேன். படம் எடுப்பதற்காகத் திராட்சை வரிசைகளுக்குள் நடக்காதீர்கள். ஃபைலாக்செரா என்ற சிறு பூச்சி வேரை உறிஞ்சிக் கொடியைக் கொன்றுவிடும். 19ஆம் நூற்றாண்டில் பிரான்ஸின் தோட்டங்களை அழித்தது அதுதான். பக்கத்து மாநிலமான விக்டோரியாவில் இருக்கிறது, தென் ஆஸ்திரேலியாவுக்குள் இன்னும் வரவில்லை. காலணியிலும் உடையிலும் ஒட்டிக்கொண்டே பரவக்கூடியது. நூறு வருடக் கொடி நம் ஒரு புகைப்படத்துக்காகச் சாக வேண்டாம். பாதையிலிருந்தே எடுங்கள், படம் நன்றாகவே வரும்.

கடைசியாக, புட்டிகள். சைக்கிளில் சுமக்காதீர்கள். பணம் கொடுத்துவிட்டு, மாலையில் காரில் வந்து எடுத்துக்கொள்கிறோம் என்றால் பத்திரமாக வைத்திருப்பார்கள். சிங்கப்பூருக்கு ஆளுக்கு இரண்டு லிட்டர் ஒயின் வரை வரியில்லாமல் கொண்டுவரலாம். 48 மணி நேரமாவது வெளிநாட்டில் இருந்திருக்க வேண்டும், மலேசியாவிலிருந்து வரக் கூடாது, 18 வயதாகியிருக்க வேண்டும். 750 மில்லி புட்டி என்றால் ஆளுக்கு இரண்டு. அதற்கு மேல் கொண்டுவந்தால் ஒரு லிட்டர் ஆல்கஹாலுக்கு 88 வெள்ளி தீர்வை. 12 விழுக்காடு ஒயின் ஒரு புட்டிக்கு 7 வெள்ளி 92 காசு வரும், அதோடு 9 விழுக்காடு ஜிஎஸ்டி. நல்ல புட்டிக்கு அது பெரிய தொகையில்லை, விமான நிலையத்தில் சுங்கத்துறையின் சிவப்பு வழியில் போய் அறிவித்துக் கட்டிவிடுங்கள். ஒரே நிறுவனத்தில் 300 ஆஸ்திரேலிய வெள்ளிக்கோ அதற்கு மேலோ வாங்கியிருந்தால், அங்கே கட்டிய வரியை அடிலெய்டு விமான நிலையத்தில் திரும்பக் கேட்கலாம். கிளம்புவதற்கு முந்தைய 60 நாளுக்குள் வாங்கிய ரசீது வேண்டும்.

வாங்குவதில் போலிஷ் ஹில் ரிவர் புட்டி ஒன்றை எடுத்துவைக்க நினைத்தால், சமையலறை அலமாரியில் வைக்காதீர்கள். நம் வீவக அடுக்குமாடி வீட்டுச் சூட்டில் ஒரு வருடத்திலேயே களைத்துவிடும். ஒயினுக்கென்று குளிர்பெட்டி இல்லையென்றால், வாட்டர்வேல் புட்டியாக வாங்கி வந்து இந்த வருடமே திறந்துவிடுங்கள். எலுமிச்சை சாதமும் உருளைக்கிழங்கு வறுவலும் செய்த ஒரு ஞாயிறு மதியம் அதற்குப் போதும்.